மண் தடத்திலிருந்து தார்ச்சாலைக்கு: சைக்கிள் பந்தயத்தைத் தொழிலாக்க நினைப்பவருக்கு

2024 ஜூலை 28 அன்று, பாரிஸுக்கு மேற்கே எலாங்கூர் குன்றில் நடந்த ஒலிம்பிக் மவுண்டன் பைக் பந்தயத்தில் பிரான்ஸின் போலின் ஃபெரான்-ப்ரேவோ தங்கம் வென்றார். அடுத்த ஏப்ரலில், கருங்கல் பாவிய பாதைகளுக்குப் பேர்போன பாரிஸ்–ரூபே பெண்கள் பந்தயத்தில் தனியாக வந்து ஜெயித்தார். ஆகஸ்டில் பெண்கள் டூர் தெ பிரான்ஸும் அவருக்கே. மண்ணில் ஓட்டியவர் ஒரே வருடத்தில் சாலைக்கு மாறிவிட்டார் என்று பலர் வியந்தார்கள். உண்மையில் அவர் மாறவில்லை, திரும்பி வந்தார். 2010இலேயே ஜூனியர் பிரிவில் மவுண்டன் பைக், சாலை இரண்டிலும் உலகப் பட்டம் வாங்கியவர் அவர். 2014 செப்டம்பரில் சாலை, 2015 தொடக்கத்தில் சைக்ளோகிராஸ் (சேறும் புல்லும் நிறைந்த சுற்றில் குளிர்காலத்தில் நடக்கும் பந்தயம்), 2015 செப்டம்பரில் மவுண்டன் பைக் என்று மூன்று உலகப் பட்டங்களையும் ஒரே நேரத்தில் கையில் வைத்திருந்தார். அவருக்கு முன் யாரும் அதைச் செய்ததில்லை.

பதின்ம வயதில் இருக்கும் ஒருவர், அல்லது அவருடைய அப்பா அம்மா, ‘இந்த விளையாட்டில் பிழைப்பு நடத்த முடியுமா? முடியும் என்றால் எங்கே தொடங்குவது?’ என்று கேட்டால் சொல்வதற்காக இதை எழுதுகிறேன். என் கருத்து இதுதான்: வித்தை மண்ணில் இருக்கிறது, சம்பளம் சாலையில் இருக்கிறது. அதனால் மண்ணில் தொடங்குங்கள், சாலையைக் கைவிடாதீர்கள், எது உங்களுடையது என்ற முடிவை முடிந்தவரை தள்ளிப்போடுங்கள்.

முதல் படி: எந்தப் பந்தயம் என்று தெரிந்துகொள்ளுங்கள்

மவுண்டன் பைக் என்ற ஒரே பெயருக்குள் பல விளையாட்டுகள் இருக்கின்றன. 1996 அட்லாண்டாவிலிருந்து ஒலிம்பிக்கில் இருப்பது கிராஸ் கன்ட்ரி. நாலு முதல் ஆறு கிலோமீட்டர் சுற்று; ஏற்றம், வேர், பாறை, இறக்கம் என்று திரும்பத் திரும்ப; மொத்தம் ஏறத்தாழ ஒன்றரை மணி நேரம். அதன் தம்பி ஷார்ட் டிராக், இருபது நிமிடத்தில் முடிந்துவிடும். நாள் முழுக்க ஓட்டுவது மாரத்தான். மலை உச்சியிலிருந்து ஒருவர் ஒருவராகக் கீழே பாய்வது டவுன்ஹில். டவுன்ஹில் பிரியர்கள் இங்கேயே விடைபெறலாம். அது வேறு உடம்பு, வேறு சைக்கிள், வேறு வாழ்க்கை.

சாலையில் மூன்று வகை. காலையில் தொடங்கி மாலையில் முடியும் ஒருநாள் பந்தயம், பல நாள் நடக்கும் கட்டப் பந்தயம், கடிகாரத்தோடு தனியாகப் போட்டியிடும் டைம் டிரையல். ஆண்கள் டூர் தெ பிரான்ஸ் 21 கட்டங்கள், 3,000 கிலோமீட்டருக்கு மேல். கிராஸ் கன்ட்ரியில் தேர்ந்தவர்கள் சாலைக்குப் போனால் பெரும்பாலும் மலை ஏறுபவர்களாகவோ, கரடுமுரடான ஒருநாள் பந்தயங்களின் ஆளாகவோ ஆகிறார்கள். காரணம் எளிது. ஒன்றரை மணி நேரம் மூச்சு முட்ட ஓட்டுகிற உடம்பும், வழுக்கும் தரையில் பயப்படாத கையும் அங்கேதான் விலைபோகும்.

இரண்டாம் படி: சைக்கிள்

முன்பக்கம் மட்டும் சஸ்பென்ஷன் உள்ள ஹார்டுடெயில், 29 அங்குலச் சக்கரம், உங்கள் உயரத்துக்குச் சரியான ஃபிரேம். ஆரம்பத்துக்கு இது போதும். ஃபுல் சஸ்பென்ஷன் வண்டி சுகமானது, ஆனால் கல்லுக்கும் வேருக்கும் நடுவே தப்பான வழியைத் தேர்ந்தெடுத்தாலும் மன்னித்துவிடும். ஹார்டுடெயில் மன்னிக்காது. கற்றுக்கொள்கிறவருக்கு அதுதான் நல்லது.

காசு மிச்சம் இருந்தால் இந்த வரிசையில் செலவு செய்யுங்கள்: நல்ல ஹெல்மெட், டியூப்லெஸ் டயர், அப்புறம் ஷூவைப் பூட்டிக்கொள்ளும் கிளிப் பெடலும் அதற்கான ஷூவும். கார்பன் ஃபிரேம் பட்டியலில் கடைசி. மண்ணில் டயர் காற்றைக் குறைத்து ஓட்டப் பழகுங்கள். 60 கிலோ எடையுள்ளவருக்கு 20 பி.எஸ்.ஐ. சுற்றுவட்டாரத்தில் வைத்தால் டயர் தரையைக் கவ்விப் பிடிக்கும். பெட்ரோல் பங்கில் கல் மாதிரி அடித்துக்கொண்டு வந்தால் முதல் வளைவிலேயே தெரியும்.

சாலைச் சைக்கிளை செகண்ட் ஹேண்டில் வாங்குவதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. உலக சைக்கிள் சம்மேளனமான யூசிஐ, சாலைப் பந்தயச் சைக்கிள் 6.8 கிலோவுக்குக் குறையக் கூடாது என்று விதி வைத்திருக்கிறது. அதற்கும் கீழே எடையைக் குறைக்கக் காசைக் கொட்டுகிறவர்களைப் பார்த்தால் சிரித்துவிட்டுப் போங்கள்.

சைக்கிளோடு சேர்த்து ஒரு பழக்கமும் வேண்டும். செயின் அறுந்தால் பூட்டுவது, டியூப்லெஸ் டயரில் பிளக் சொருகுவது, கியர் வயரைச் சரிசெய்வது எல்லாம் உங்கள் கையாலேயே வர வேண்டும். கிராஸ் கன்ட்ரியில் குறிப்பிட்ட இடத்தைத் தவிர வேறெங்கும் மெக்கானிக் உங்களைத் தொடக் கூடாது. காட்டு நடுவில் பஞ்சர் என்றால் நீங்களும் உங்கள் சட்டைப் பையில் இருப்பதும்தான்.

மூன்றாம் படி: வித்தை

பலரும் அவசரமாகத் தாண்டிவிடும் படி இது. நான் இங்கே நின்று பேசப் போகிறேன்.

பதினைந்து வயதுக்குள் கைக்கு வராத சில விஷயங்கள் இருபத்தைந்தில் வருவது கஷ்டம். இதயத்தையும் நுரையீரலையும் பிறகும் வளர்க்கலாம். வழுக்கும் வேரின் மேல் பிரேக் பிடிக்காமல் போகிற துணிச்சல் அப்படியில்லை. அதனால் ஆரம்ப மாதங்களில் கிளிப் பெடலே வேண்டாம். சாதாரணத் தட்டைப் பெடலில் ஓட்டுங்கள். காலை எப்போது வேண்டுமானாலும் ஊன்றலாம் என்பதால் பயம் குறையும், பயம் குறைந்தால் சரியாக நிற்பீர்கள்.

முதலில் நகராமல் நிற்பது. சைக்கிள் மேல் எழுந்து நின்று, முன்சக்கரத்தைச் சற்றே திருப்பி, காலை ஊன்றாமல் அரை நிமிடம். இது வந்த பிறகு மெதுவாகப் போகிற எல்லாச் சிக்கல்களும் பாதி தீர்ந்துவிடும்.

அடுத்தது பிரேக். நிறுத்துகிற வேலையில் பெரும்பங்கு முன் பிரேக்குடையது. நம் ஊரில் சிறுவயதிலேயே ‘முன் பிரேக்கைப் பிடிக்காதே, குப்புற விழுவாய்’ என்று சொல்லியே வளர்க்கிறார்கள். அந்தப் பாடத்தை மறக்க வேண்டும். ஒரு விரல் மட்டும் பிரேக்கில், மற்ற விரல்கள் கைப்பிடியில். வேகத்தை வளைவுக்கு முன்பே குறைத்துவிடுங்கள். வளைவுக்குள் நுழைந்த பிறகு பிரேக்கை விட்டுவிட வேண்டும். உருளுகிற சக்கரம் பிடிக்கும், இறுகிய சக்கரம் வழுக்கும்.

வளைவில் வெளிப்பக்கப் பெடல் கீழே, உடம்பின் எடை அதன் மேலே. கண் நீங்கள் வெளியேறப் போகிற இடத்தில் இருக்க வேண்டும், முன்சக்கரத்தில் அல்ல. எதைப் பார்க்கிறீர்களோ அதில்தான் போய் மோதுவீர்கள். மரத்தைப் பார்த்தால் மரம், வழியைப் பார்த்தால் வழி. இறக்கத்தில் இரண்டு பெடலும் சமமட்டத்தில், குதிகால் தாழ்ந்து, முழங்கை அகன்று இருக்கட்டும். உட்கார்ந்துகொண்டே கல்லில் இறங்கினால் முதுகுதான் சஸ்பென்ஷன் ஆகும். இவை வந்த பிறகு முன்சக்கரத்தைத் தூக்குவது, பிறகு இரண்டு சக்கரத்தையும் தூக்கிக் கட்டையைத் தாண்டுவது.

இதற்கு ஊட்டிக்குப் போக வேண்டியதில்லை. ஏரிக்கரை மண் பாதையும் நாலு செங்கல்லும் போதும். வாரத்தில் மூன்று நாள், ஒவ்வொரு முறையும் இருபது நிமிடம், களைப்பு வருவதற்கு முன்.

இந்தப் பயிற்சி சாலையில் என்ன தரும்? 2022 ஜூலை 14 அன்று, டூர் தெ பிரான்ஸில் பிரிட்டனின் டாம் பிட்காக் அல்ப் டுவே மலை உச்சியில் வென்றார். அந்த வெற்றிக்கான வழி ஏற்றத்தில் திறக்கவில்லை. அதற்கு வெகு முன்பே, கலிபியே மலையின் இறக்கத்தில் மற்றவர்களால் பின்தொடர முடியாத வேகத்தில் இறங்கி, முன்னால் ஓடிக்கொண்டிருந்த கூட்டத்தைப் பிடித்தார். முந்தைய வருடம் டோக்கியோ ஒலிம்பிக்கில் மவுண்டன் பைக் தங்கம் வாங்கியவர் அவர் என்பதை அந்த இறக்கத்தைப் பார்த்த யாருக்கும் சொல்லத் தேவைப்பட்டிருக்காது.

நான்காம் படி: உடம்பு என்கிற எஞ்சின்

மவுண்டன் பைக் வீரர்கள் பயிற்சியில் பெரும்பகுதியைச் சாலைச் சைக்கிளில்தான் செய்கிறார்கள். புதியவர்களுக்கு இது ஆச்சரியமாக இருக்கும். மண்ணில் ஓட்டும்போது உடம்பின் உழைப்பு தாறுமாறாக ஏறி இறங்கும். நிதானமாக நாலு மணி நேரம் ஒரே சீராக மிதிக்கத் தார்ச்சாலைதான் வசதி.

அளக்க ஒரு எண் வேண்டும். இருபது நிமிடம் முழு மூச்சாக ஓட்டி, அந்தச் சராசரி வாட் அளவில் 95 சதவீதத்தை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு மணி நேரம் தாக்குப்பிடிக்கக்கூடிய உழைப்புக்கு அது கிட்டத்தட்டச் சமம், எஃப்டிபி என்பார்கள். பவர் மீட்டர் வாங்க முடியாவிட்டால் ஒரே ஏற்றத்தை மாதம் ஒருமுறை ஓட்டி நேரத்தைக் குறித்துவாருங்கள். அது பொய் சொல்லாது.

வாரப் பயிற்சியில் ஐந்தில் நாலு பங்கு, பக்கத்தில் ஓட்டுபவரோடு பேசிக்கொண்டே ஓட்டக்கூடிய மெதுவான வேகத்தில் இருக்கட்டும். மிச்சம் ஒரு பங்கு உண்மையிலேயே கடினமாக. எல்லா நாளும் நடுத்தரமாகக் கஷ்டப்படுவதுதான் புதியவர்களின் பொதுவான வியாதி. பதினைந்து வயதில் வாரம் ஆறேழு மணி நேரம் தாராளம். பதினெட்டில் பன்னிரண்டு வரை போகலாம். தொழில்முறை வீரர்கள் இருபதைத் தாண்டுவார்கள், ஆனால் அது பல வருடங்களில் ஏறிய கணக்கு.

இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஓட்டினால் மணிக்கு 60 கிராமாவது மாவுச்சத்து உள்ளே போக வேண்டும். பெரிய அணிகளில் இன்று 100 கிராமையும் தாண்டுகிறார்கள். வயிற்றையும் அதற்குப் பழக்குகிறார்கள். வெளிநாட்டு ஜெல் இல்லையென்றால் குடி முழுகிவிடாது. அரை லிட்டர் தண்ணீரில் 30–40 கிராம் சர்க்கரை, ஒரு சிட்டிகை உப்பு, எலுமிச்சை. கூடவே இரண்டு வாழைப்பழம்.

ஐந்தாம் படி: லைசென்ஸும் புள்ளிகளும்

ஊர்க் குழுக்கள் நடத்தும் பந்தயங்களில் எத்தனை கோப்பை வாங்கினாலும் அது உங்களைத் தொழிலுக்குள் கொண்டுபோகாது. நாட்டின் சம்மேளனம் தருகிற லைசென்ஸும் யூசிஐ அடையாள எண்ணும் வேண்டும். இந்தியாவில் அது மாநில சங்கம் வழியாக இந்திய சைக்கிள் சம்மேளனத்திடம் போகும். லைசென்ஸ் டிசம்பர் 31 உடன் காலாவதியாகும், வருடா வருடம் புதுப்பிக்க வேண்டும். வயதைப் பிறந்த நாளை வைத்துப் பார்க்க மாட்டார்கள், ஆண்டை வைத்துத்தான். அந்த ஆண்டில் 17 அல்லது 18 ஆகிறவர் ஜூனியர். 19 முதல் 22 வரை, 23 வயதுக்கு உட்பட்டோர் பிரிவு. அதற்கு மேல் எலீட்.

புள்ளிகள் மவுண்டன் பைக்கில் உயிர்நாடி. தொடக்கக் கோட்டில் யூசிஐ புள்ளி வரிசைப்படிதான் நிற்க வைப்பார்கள். முதல் நிமிடத்திலேயே பாதை ஒற்றையடியாகச் சுருங்கிவிடும், பின்வரிசையில் நிற்பவர் வரிசையில் நின்று நடக்க வேண்டிவரும். 2016 ரியோ ஒலிம்பிக்கில் பீட்டர் சாகன் நடப்புச் சாலை உலக சாம்பியனாக இருந்துகொண்டே மவுண்டன் பைக்கில் இறங்கினார். அவரும் பின்னால்தான் நிற்க வேண்டியிருந்தது. அவர் 2008இல் இதே விளையாட்டில் ஜூனியர் உலக சாம்பியன் என்பதால் மளமளவென்று முன்னேறி முன்வரிசைக்கே வந்துவிட்டார், பிறகு பஞ்சர் ஆகி 35ஆவது இடம். எல்லோராலும் அந்த முதல் பாதியைச் செய்ய முடியாது. ஆகவே புள்ளி கிடைக்கும் சிறிய சர்வதேசப் பந்தயங்களைத் தேடிப் போவதுதான் புத்திசாலித்தனம். ஆசியாவுக்குள்ளேயே அவை இருக்கின்றன. 2023 அக்டோபரில் ஆசிய மவுண்டன் பைக் சாம்பியன்ஷிப் கேரளத்தின் பொன்முடியில் நடந்தது, திருநெல்வேலிக்காரர்களுக்கு அது பக்கத்து வீடு.

ஆறாம் படி: பந்தயத்தைப் படிப்பது

பந்தயத்துக்கு முந்தைய நாட்களில் பாதையைச் சுற்றிப் பார்ப்பது சடங்கு அல்ல. டோக்கியோவில் மத்தியூ வான் டெர் பூல், ஒரு பாறையிலிருந்து இறங்கும் இடத்தில் சாய்வுப் பலகை இருக்கும் என்று நம்பிப் போனார். பலகையை எடுத்துவிட்டிருந்தார்கள். முதல் சுற்றிலேயே தலைகுப்புற விழுந்தார், சில சுற்றுகள் தாக்குப்பிடித்துவிட்டுப் பந்தயத்தை விட்டு விலகினார். உலகின் தலைசிறந்த சைக்கிள் வீரர்களில் ஒருவருக்கே அந்தக் கதி. நடந்து பாருங்கள், ஓட்டிப் பாருங்கள், பந்தயத்தன்று காலையிலும் கேளுங்கள்.

விபத்து வந்தால் பதறாமல் இருப்பதும் கற்றுக்கொள்ளக்கூடியதே. பாரிஸில் பிட்காக்குக்கு நடுவில் டயர் போனது. சக்கரம் மாற்றும் இடம் வரை ஓட்டிவந்து, மாற்றிக்கொண்டு, அரை நிமிடத்துக்கு மேல் பின்தங்கியும் கடைசிச் சுற்றில் பிரான்ஸின் விக்டர் கொரெட்ஸ்கியைத் தாண்டித் தங்கத்தைத் தக்கவைத்தார். இழந்த நேரத்தை ஒரே சுற்றில் எடுக்க முயலாமல் பல சுற்றுகளில் பிரித்து எடுத்ததுதான் அதில் கவனிக்க வேண்டியது.

சாலையில் கணக்கே வேறு. முன்னால் போகிறவரின் முதுகுக்குப் பின்னால் காற்றுக்கு ஒதுங்கி ஓட்டினால் உழைப்பு மூன்றில் ஒரு பங்குக்கு மேல் மிச்சமாகும். அதனால் வலிமையானவர் ஜெயிக்கிறார் என்று சொல்ல முடியாது. வலிமையைக் கடைசி வரை சேமித்தவர் ஜெயிக்கிறார். நூற்றைம்பது பேர் கும்பலில் தோள் உரச ஓட்டுவது, பக்கவாட்டுக் காற்றில் எந்தப் பக்கம் ஒதுங்குவது, அணித் தலைவருக்குத் தண்ணீர்ப் பாட்டில் கொண்டுபோய்த் தருவது எல்லாம் இங்கே தொழில். மவுண்டன் பைக்கிலிருந்து வருகிறவர்கள் தடுமாறுவது பெரும்பாலும் இந்தக் கும்பலில்தான். அதனால் ஜூனியர் வயதிலேயே வருடத்தில் சில சாலைப் பந்தயங்களாவது ஓட்டிவிடுங்கள்.

ஏழாம் படி: எப்போது எந்தப் பக்கம்

ஆஸ்திரேலியாவின் கேடல் எவன்ஸ் 1998, 1999 இரண்டு வருடமும் மவுண்டன் பைக் உலகக் கோப்பையை வென்றுவிட்டு, சிட்னி ஒலிம்பிக்கில் ஏழாவதாக வந்த பிறகு, 2001இல் சாலைக்கு மாறினார். டூர் தெ பிரான்ஸை வென்றது 2011இல். பத்து வருடம். கனடாவின் ரைடர் ஹெஸ்ஜெடல் 2003இல் மவுண்டன் பைக் உலகப் போட்டியில் வெள்ளி வாங்கினார், 2012இல் இத்தாலியின் பெரிய கட்டப் பந்தயமான ஜிரோ தி இத்தாலியாவை வென்றார். இங்கேயும் கிட்டத்தட்ட அதே இடைவெளி. மாறினால் உடனே பலன் வரும் என்று கணக்குப் போடாதீர்கள்.

மாறாமல் இருந்தவரும் உண்டு. சுவிட்சர்லாந்தின் நீனோ ஷூர்ட்டர் 2014இல் ஒரு சாலை அணிக்காக டூர் தெ சுவிஸ் போன்ற பந்தயங்களில் ஓட்டிப் பார்த்தார், பிறகு மண்ணுக்கே திரும்பினார். பத்து எலீட் உலகப் பட்டங்கள் அவருக்கு. அவர் தப்பாக முடிவெடுத்தார் என்று யாரால் சொல்ல முடியும்?

ஃபெரான்-ப்ரேவோ மூன்றாவது வகை. சில வருடம் சாலையை ஏறக்குறைய ஓரங்கட்டி மண்ணில் மட்டும் கவனம் வைத்தார், தங்கம் வந்ததும் 2025இல் விஸ்மா என்ற சாலை அணிக்குப் போனார். மூன்று வருடத்துக்குள் டூரை வெல்வேன் என்றார், முதல் வருடமே வென்றார். புதியவருக்கு என் யோசனை: 18 வரை இரண்டும். 19 முதல் 22க்குள் எது அதிகம் கதவைத் திறக்கிறதோ அந்தப் பக்கம் சாயுங்கள், மற்றதைக் குளிர்காலத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

எட்டாம் படி: காசு

நேராகச் சொல்லிவிடலாம். யூசிஐயின் உச்ச நிலையான வேர்ல்ட் டூர் ஆண்கள் அணிகளில் குறைந்தபட்சச் சம்பளம் ஆண்டுக்கு 40,000 யூரோ அளவில் இருக்கிறது. பெண்கள் வேர்ல்ட் டூரில் 2020இல் 15,000 யூரோவில் தொடங்கி, 2023இல் 32,102 ஆக உயர்ந்தது. அதற்கு இரண்டு படி கீழே இருக்கும் கான்டினென்டல் அணிகளுக்கு அந்தக் கட்டாயம் கிடையாது. சைக்கிளும் சட்டையும் பயணச் செலவும் மட்டும் கொடுக்கிற அணிகள் நிறைய. மவுண்டன் பைக்கில் நல்ல சம்பளம் தரும், சைக்கிள் நிறுவனங்களே நடத்தும் அணிகள் கைவிரலில் அடங்கும். மற்றவர்கள் சொந்தமாக விளம்பரதாரர் பிடித்து, பாதி வேலை பார்த்துக்கொண்டு ஓட்டுகிறார்கள். ஆகையால் படிப்பை விடாதீர்கள். இதை அறிவுரையாகச் சொல்லவில்லை, வரவு செலவாகச் சொல்கிறேன்.

ஒன்பதாம் படி: உடம்பை உடைக்காமல் இருப்பது

மலை ஏற எடை குறைவாக இருக்க வேண்டும் என்பது உண்மை, அதுதான் ஆபத்தும். 2025 டூருக்காக எடையைக் குறைத்ததைப் பற்றி ஃபெரான்-ப்ரேவோ வெளிப்படையாகப் பேசினார். அது முழுக்க ஆரோக்கியமானதில்லை என்று அவரே ஒப்புக்கொண்டார், அதைச் சுற்றிப் பெரிய விவாதமே நடந்தது. முப்பது வயதைத் தாண்டிய, மருத்துவர்கள் சூழ்ந்த ஒருவர் ஒரு பந்தயத்துக்காகச் செய்ததைப் பதினாறு வயதுப் பிள்ளை பின்பற்றக் கூடாது. சாப்பாடு போதாமல் போனால் எலும்பு தேயும், பெண்களுக்கு மாதவிடாய் நிற்கும், பிறகு வேகமும் போகும். மாதவிடாய் தவறினால் அதைப் பயிற்சியின் அடையாளமாக எடுத்துக்கொள்ளாமல் மருத்துவரிடம் போங்கள்.

கடினமாக மிதிக்கும்போது மட்டும் ஒரு காலில் பலமில்லாமல், மரத்துப்போவது போல இருந்தால் தசைப்பிடிப்பு என்று தள்ளிவிடாதீர்கள். இடுப்புப் பகுதியில் காலுக்கு ரத்தம் கொண்டுபோகும் தமனி குறுகுவது சைக்கிள் வீரர்களுக்கு வரும் தொல்லை. ஃபெரான்-ப்ரேவோ 2019இல் அதற்கு அறுவை சிகிச்சை செய்துகொண்டு, அதே வருடம் உலகப் பட்டத்தையும் வென்றார். தலையில் அடிபட்டால் அன்றைய ஓட்டம் அங்கேயே முடிந்தது. இதில் பேரம் கிடையாது.

பத்தாம் படி: ஊக்கமருந்துச் சோதனை

சர்வதேச அளவில் சோதனைப் பட்டியலில் சேர்ந்துவிட்டால், தினமும் ஒரு மணி நேரம் எங்கே இருப்பீர்கள் என்று முன்கூட்டியே பதிவு செய்ய வேண்டும். பன்னிரண்டு மாதத்தில் மூன்று முறை தவறினால், மருந்தே எடுக்காவிட்டாலும் விதிமீறல்தான். ஜிம்மில் யாரோ தருகிற புரதப் பொடி, பெயர் தெரியாத லேகியம், கடைக்காரர் எடுத்துக் கொடுக்கும் சளி மருந்து எதுவும் விசாரிக்காமல் உள்ளே போகக் கூடாது. எப்படி வந்தது என்று தெரியாது என்பதைப் பதிலாக ஏற்றுக்கொள்ள மாட்டார்கள்.

பதினோராம் படி: அணியின் கண்ணில் படுவது

ஐரோப்பாவில் பிறக்காதவர்களுக்கு மூன்று வழிகள் தெரிகின்றன. ஒன்று, சுவிட்சர்லாந்தின் எய்கலில் யூசிஐ நடத்தும் உலக சைக்கிள் மையம். சம்மேளனத்தின் பரிந்துரையோடு போகலாம். எரித்திரியாவின் பினியம் கிர்மாய் அங்கே பயின்றவர். 2024 டூர் தெ பிரான்ஸில் மூன்று கட்டங்களையும், அதிகப் புள்ளி எடுத்தவருக்கான பச்சைச் சட்டையையும் வென்றார். இரண்டு, வீட்டுக்குள் ஓட்டும் ஸ்விஃப்ட் செயலி நடத்தும் தேர்வு. ஆஸ்திரேலியாவின் ஜே வைன் 2020இல் அதில் வென்று ஒப்பந்தம் பெற்றவர், 2022இல் ஸ்பெயினின் பெரிய கட்டப் பந்தயமான வுவெல்டாவில் இரண்டு கட்டங்களை ஜெயித்தார். மூன்று, ஆசியப் பந்தயங்களில் ஓட்டும் கான்டினென்டல் அணிகள். மலேசியாவின் டூர் தெ லங்காவி போன்ற இடங்களில் பெரிய அணிகளின் மேலாளர்களும் இருப்பார்கள்.

அணிக்கு எழுதும்போது ஒரு பக்கத்துக்கு மேல் வேண்டாம். பிறந்த ஆண்டு, உயரம், எடை, யூசிஐ எண், கடந்த இரண்டு பருவத்தின் முடிவுகள், ஐந்து நிமிடத்துக்கும் இருபது நிமிடத்துக்குமான சிறந்த வாட் அளவுகள், பந்தயத்தில் பதிவான உண்மையான கோப்புகள். மண்ணிலிருந்து வருகிறவர் என்றால் அதை முதல் வரியிலேயே சொல்லுங்கள், இன்று அதற்கு மதிப்பு கூடியிருக்கிறது. பாஸ்போர்ட் கையில் இருக்கட்டும். அணி மாற்றங்கள் ஆகஸ்ட் 1 முதல் அறிவிக்கப்படும், பேச்சுகள் அதற்கு வெகு முன்பே நடக்கும். ஆகவே கடிதம் மே அல்லது ஜூனில் போய்ச் சேர வேண்டும். பதில் வராவிட்டால் அடுத்த நல்ல முடிவு வந்ததும் அதே ஆளுக்கு இரண்டு வரியில் மறுபடியும் எழுதுங்கள்.